கையால சுத்துற ஃப்ளைட் கம்ப்யூட்டர்: நேவிகேஷன் கணக்கு பழகுறவங்க அடிக்கடி கேக்குற கேள்விகள்

சிபிஎல்லுக்காக (கமர்ஷியல் பைலட் லைசென்ஸ்) நேவிகேஷன் பேப்பர் படிக்கிற தம்பி தங்கச்சிங்க என்கிட்ட திரும்பத் திரும்ப கேக்குற கேள்வியெல்லாம் ஒரே இடத்துல எழுதி வெச்சிடலாம்னு ரொம்ப நாளா நெனச்சிட்டு இருந்தேன். எல்லா கணக்குக்கும் ஒரே ரூட்டை எடுத்துக்கிறேன்: சேலம் ஏர்போர்ட்ல கிளம்பி திருச்சி, அங்கிருந்து திரும்ப சேலம். கம்ப்யூட்டரை கையில வெச்சுக்கிட்டே படிங்க, நான் சொல்ற ஒவ்வொரு நம்பரையும் நீங்களே சுத்திப் பாருங்க, சும்மா கண்ணால ஓட்டினா இது மண்டையில ஏறாது.

கே: பேட்டரி இல்ல, ஸ்கிரீன் இல்ல, இதைப் போய் ஏன் கம்ப்யூட்டர்னு சொல்றாங்க?

அந்தக் காலத்துல கணக்கு போட உதவுற எதுக்கும் அந்தப் பேர்தான். இதுக்கு ரெண்டு முகம். ஒரு பக்கம் வட்டமான ஸ்லைடு ரூல், வேகம், தூரம், நேரம், ஃப்யூயல், ட்ரூ ஏர்ஸ்பீடு (காத்துக்குள்ள விமானம் நிஜமா போற வேகம்), யூனிட் மாத்துறது எல்லாம் அதுல. பின்பக்கம் காத்துக் கணக்குக்கு, கண்ணாடி மாதிரி ஒரு தட்டு சுத்தும், அதுக்கு அடியில ஸ்லைடுன்னு ஒரு நீளமான அட்டை மேலயும் கீழயும் நகரும். அமெரிக்க கடற்படை ரிசர்வ்ல இருந்த ஃபிலிப் டால்டன் 1930கள்ல இதை உருவாக்கினார், 1940ல ராணுவ விமானப் பிரிவு இதுக்கு குடுத்த பார்ட் நம்பர்தான் இ6பி, அந்தப் பேர் இன்னிக்கு வரைக்கும் நிக்குது. டால்டன் 1941லயே ஒரு மாணவரோட ஸ்பின் பயிற்சி பண்ணும்போது விமானம் விழுந்து இறந்துட்டார். அவர் செஞ்ச டிசைனை கிட்டத்தட்ட அப்படியே நாம இன்னும் கையில வெச்சிருக்கோம், அதை நெனச்சா எனக்கு எப்பவும் மனசு கொஞ்சம் கனக்கும்.

கே: ஐபேட்ல ரூட்டை தொட்டா எல்லாமே வந்துடுதே, இதை எதுக்கு பழகணும்?

ஐபேட் வேணாம்னு நான் சொல்லவே மாட்டேன், பறக்கும்போது ஜிபிஎஸ் ரொம்ப நல்ல துணை. ஆனா அது குடுக்குற பதில் சரியா தப்பான்னு சொல்ல உங்க தலைக்குள்ள ஒரு நம்பர் முன்னாடியே இருக்கணும். காத்து எந்தப் பக்கம், மூக்கை எந்தப் பக்கம் திருப்பணும், சுமார் எத்தனை நிமிஷம், சுமார் எத்தனை லிட்டர், இந்த நாலும் மனசுல இருக்குற ஆள்தான் ஐபேட்ல ஒரு பூஜ்யம் கூட விழுந்தா உடனே கண்டுபிடிப்பார். இந்த டிஸ்க் உங்களுக்கு தசமப்புள்ளி போட்டுக் குடுக்காது, இடமா வலமான்னும் பெருசா எழுதிக் காட்டாது, அதனால ஒவ்வொரு கணக்குலயும் நீங்களே யோசிச்சாகணும். நான் இதை விடாம பழகச் சொல்றதுக்கு இது ஒண்ணுதான் காரணம், பரீட்சை எல்லாம் அதுக்கு அப்புறம்தான்.

கே: எந்த மாடல் வாங்கலாம்?

ஸ்லைடு உள்ள எதுவும் ஓகே. இ6பின்னு பல கம்பெனி போடுது, பூலீஸ்ல சிஆர்பி-1, சிஆர்பி-5 இருக்கு, ஜெப்சன்ல சிஆர்-3ன்னு முழு வட்டமா ஒண்ணு இருக்கு. சிஆர்-3ல ஸ்லைடு கிடையாது, காத்துக் கணக்கு போடுற முறையே வேற, அதனால உங்க கிளாஸ்ல எதை வெச்சு சொல்லித் தராங்களோ அதையே வாங்குங்க, இல்லன்னா ரெண்டு முறையும் கலந்து குழம்பிடுவீங்க. சீனியர்கிட்ட பழசு வாங்கினா ரெண்டு விஷயம் பாருங்க: நடு டிஸ்க் ஆடாம சுத்துதா, ஸ்லைடு வளையாம இருக்கா. பிளாஸ்டிக்கை மே மாச வெயில்ல கார் டேஷ்போர்டுல விட்டா வளைஞ்சுடும், அதுக்கப்புறம் டிகிரி எல்லாம் நம்ப முடியாது.

கே: உள்ள என்னதான் நடக்குது? ஃபார்முலாவே இல்லாம எப்படி பதில் வருது?

நம்ம எட்டாம் கிளாஸ் நேர் விகிதக் கணக்குதான், வேற ஒண்ணுமே இல்ல. 2 பேனா 10 ரூபான்னா 6 பேனா எவ்வளவு? வெளி வளையத்துல ஒரு நம்பரை உள் வளையத்துல இன்னொரு நம்பருக்கு நேரா வெச்சீங்கன்னா, அந்த விகிதம் வட்டம் பூரா ஒரே மாதிரி நிக்கும். கோடுகளை லாகரிதம் அளவுல இழுத்திருக்கிறதால நீளத்தைக் கூட்டினா பெருக்கல் ஆகிடுது, அதான் சூட்சுமம். ஆரியபட்டர் 499லயே சொல்லி வெச்ச திரைராசிகம், மூணு தெரிஞ்சா நாலாவது கிடைக்கும்னு சொல்ற அதே கணக்கைத்தான் இந்த தட்டு பண்ணுது.

அதனால ‘எந்த ஸ்கேல்ல எதை வெக்கணும்’னு மனப்பாடம் பண்ணாதீங்க. ஒரே ஒரு வழக்கத்தை புடிச்சுக்கோங்க: தூரம், லிட்டர், ட்ரூ ஏர்ஸ்பீடு வெளியில, நேரம் உள்ள. உள் வளையத்துல 60 இருக்குற இடத்துல ஒரு கறுப்பு முக்கோணம் இருக்கும், அது ஒரு மணி நேரம். முக்கோணத்துக்கு நேரா எதை வெச்சாலும் அது ‘மணிக்கு இவ்வளவு’ன்னு அர்த்தம், மணிக்கு இத்தனை மைல், மணிக்கு இத்தனை லிட்டர், அவ்வளவுதான்.

கே: முதல் வாரம் என்ன பழகணும்?

கணக்கே போடாதீங்க, கோடு படிக்கப் பழகுங்க. நிஜமா சொல்றேன், நிறைய பேர் தப்பு விடுறது இங்கதான். சின்ன கோட்டோட மதிப்பு இடத்துக்கு இடம் மாறும். 10 பக்கத்துல ஒரு சின்ன கோடு 0.1, அப்படியே போகப் போக இடைவெளி சுருங்கி, 60 தாண்டினா ஒரு கோடு 1 ஆகிடும். ரெண்டு பெரிய நம்பருக்கு நடுவுல எத்தனை பாகம்னு எண்ணிட்டு அப்புறம் படிங்க. 11.1 எங்க, 17.6 எங்க, 39 எங்க, 84.5 எங்க, இப்படி யாரையாவது நம்பர் சொல்லச் சொல்லி நகத்தால தொட்டுக் காட்டுங்க. வீட்ல தம்பி தங்கச்சி இருந்தா அவங்களைக் கேட்கச் சொல்லுங்க, அவங்களுக்கும் அது ஒரு விளையாட்டு.

கே: பதில் 39ன்னு வருது, அது 3.9 நிமிஷமா 39 நிமிஷமா 390 நிமிஷமா?

டிஸ்க்குக்குத் தெரியாது, உங்களுக்குத்தான் தெரியணும். சேலம் திருச்சி வான்வழி சுமார் 72 நாட்டிக்கல் மைல். 111 நாட் வேகத்துல (நாட்னா மணிக்கு ஒரு நாட்டிக்கல் மைல்) போறோம்னா ஒரு மணி நேரத்துல 111 மைல், அரை மணி நேரத்துல 55, அப்ப 72 மைலுக்கு அரை மணிக்கு மேல, ஒரு மணிக்குள்ள. அதனால 39 நிமிஷம். இந்த ‘அரை மணிக்கு மேல’ங்கிறதை டிஸ்க்கை தொடுறதுக்கு முன்னாடியே பேப்பர்ல பென்சிலால ஓரமா எழுதிடுங்க. எங்க கிரவுண்ட் கிளாஸ் சார் ரஃப் மதிப்பு எழுதாம டிஸ்க்கை சுத்தினா கையில இருந்து அதை வாங்கி மேஜை மேல வெச்சிடுவார், அப்ப கோவமா வரும், இன்னிக்கு வரைக்கும் அந்தப் பழக்கம் என்னை விட்டுப் போகல.

கே: ட்ரூ ஏர்ஸ்பீடு எப்படி எடுக்குறது? ஜன்னல்ல எப்பவும் தப்பாகுது.

திருச்சிக்குப் போறப்ப மேக்னடிக் ட்ராக் (காம்பஸ் காட்டுற வடக்கை வெச்சு அளந்த நம்ம வழியோட திசை) 150 வருது, 0ல இருந்து 179க்குள்ள, அதனால பறக்குற உயரம் ஒற்றைப்படை ஆயிரம் கூட்டல் 500, நாம 5,500 அடி எடுத்துப்போம். வெளிய வெப்பநிலை 20 டிகிரி. டிஸ்க்ல வெட்டி விட்டிருக்கிற ஏர்ஸ்பீடு ஜன்னல்ல 5,500 அடியை 20 டிகிரிக்கு நேரா வெச்சு, உள் வளையத்துல காலிபரேட்டட் ஏர்ஸ்பீடு (மீட்டர் காட்டுற வேகத்துல மீட்டரோட பிழையைத் திருத்தினது) 90ஐ தேடி, அதுக்கு நேரா வெளியில படிங்க, 100க்கு கொஞ்சம் மேல வரும். ரஃப் கணக்கு: ஆயிரம் அடிக்கு 2 சதவீதம், 5.5 ஆயிரத்துக்கு 11 சதவீதம், 90ல 11 சதவீதம் சுமார் 10, ஆக 100. ரெண்டும் ஒத்துப் போச்சு, நிம்மதி.

ஜன்னல்ல தப்பாகுறதுக்கு முக்கால்வாசி காரணம் பிளஸ் மைனஸ். அந்த வெப்பநிலை ஸ்கேல்ல பூஜ்யத்துக்கு ரெண்டு பக்கமும் 20 இருக்கு. மைனஸ் 20ல வெச்சிட்டா பதில் 93 வரும், அதுவும் பாக்க நியாயமான நம்பர் மாதிரியே இருக்கும், அதான் ஆபத்து. நம்ம ஊர் வானத்துல 5,500 அடியில மைனஸ் வரவே வராது, பிளஸ் எந்தப் பக்கம்னு விரல் வெச்சு பாத்துட்டு அப்புறம் சுத்துங்க.

இதோட டென்சிட்டி ஆல்டிட்யூடும் சேத்து பழகிடுங்க. சேலம் ஏர்போர்ட் ஆயிரம் அடி ஒட்டி இருக்கு, மே மாசம் மத்தியானம் 38 டிகிரின்னா டென்சிட்டி ஆல்டிட்யூட் கிட்டத்தட்ட 4,000 அடி. ரன்வே அதே இடத்துலதான் இருக்கு, ஆனா இன்ஜினுக்கும் இறக்கைக்கும் 4,000 அடி உயரத்துல இருக்குற மாதிரிதான். டேக்ஆஃப் தூரம் ஏன் கூடுதுன்னு இந்த ஒரு நம்பர்லயே புரிஞ்சிடும்.

கே: காத்துக் கணக்கு சுத்தமா புரியல, அடியில இருந்து சொல்லுங்க.

காவேரியில பரிசல் போடுறவங்களை பாத்திருக்கீங்களா? எதிர்க்கரையில நேரா உள்ள படித்துறைக்குப் போகணும்னா அவர் படித்துறையை பாத்து துடுப்பு போட மாட்டார், தண்ணி வர்ற பக்கமா கொஞ்சம் திருப்பி வெச்சுத்தான் போடுவார், தண்ணி அவரைத் தள்ளிக்கிட்டே வந்து சரியா படித்துறையில விடும். படித்துறைக்குப் போற நேர்கோடு ட்ராக், பரிசல் திரும்பி இருக்குற திசை ஹெடிங், தண்ணிதான் காத்து. இது மனசுல பதிஞ்சா காத்து வர்ற பக்கமாத்தான் மூக்கைத் திருப்பணும்ங்கிறது என்னிக்கும் மறக்காது.

இப்ப நம்ம ரூட். ட்ரூ ட்ராக் (மேப்போட நிஜ வடக்கை வெச்சு அளந்தது) 148, ட்ரூ ஏர்ஸ்பீடு 100. ஆடி மாசம்னு வெச்சுப்போம், பாலக்காட்டுக் கணவாய் வழியா மேற்குக் காத்து அள்ளிக்கிட்டு வரும், அம்மியும் பறக்கும்னு சும்மா சொல்லல. காத்து 270ல இருந்து 25 நாட். முதல்ல ரஃபா: தென்கிழக்கா போறோம், காத்து மேற்குல இருந்து, அப்ப வலது பின்பக்கத்துல இருந்து அடிக்குது. மூக்கு வலது பக்கம் திரும்பணும், வேகம் 100க்கு மேல வரணும். அதிகபட்ச டிரிஃப்ட் (காத்து தள்ளுறதால விலகுற கோணம்) எவ்வளவு? காத்தை 60ஆல பெருக்கி ஏர்ஸ்பீடால வகுத்தா 15 டிகிரி, காத்து முழுசா பக்கவாட்டுல இல்ல, அதனால 12, 13ன்னு எழுதி வெச்சுக்கோங்க.

இப்ப தட்டு. மேல ட்ரூ இண்டெக்ஸுக்கு நேரா 270 வர்ற மாதிரி சுத்துங்க. நடு ஓட்டையில இருந்து மேல 25 எண்ணி பென்சிலால ஒரு புள்ளி, 2பி மாதிரி மென்மையான பென்சில், அழுத்தாம, சின்னதா. அடுத்து 148 இண்டெக்ஸுக்கு வர்ற வரைக்கும் தட்டை சுத்துங்க, புள்ளி வலது பக்கம் கீழ போயிருக்கும். ஸ்லைடை நகர்த்தி அந்தப் புள்ளி 100 வளைவு மேல உக்கார்ற மாதிரி வைங்க. புள்ளி எந்த டிரிஃப்ட் கோட்டுல இருக்கு? வலது பக்கம் 12. நடு ஓட்டைக்கு அடியில என்ன இருக்கு? 111. ஹெடிங் 148 கூட்டல் 12, 160 ட்ரூ. க்ரௌண்ட் ஸ்பீடு, அதாவது தரைக்கு மேல போற வேகம், 111. ரஃபா எழுதினதோட ஒத்துப் போகுதான்னு பாருங்க, போகுது.

கே: ஒருத்தர் புள்ளியை மேல வெக்கச் சொல்றார், இன்னொருத்தர் கீழ வெக்கச் சொல்றார். யாரு சொல்றது சரி?

ரெண்டும் சரி, ஆனா ரெண்டும் வேற வேற முறை. மேல வெச்சா இண்டெக்ஸ்ல ட்ராக், புள்ளிக்கு அடியில ஏர்ஸ்பீடு, ஓட்டைக்கு அடியில க்ரௌண்ட் ஸ்பீடு, ஒரே வாட்டியில முடிஞ்சிடும். கீழ வெச்சா இண்டெக்ஸ்ல ஹெடிங், ஓட்டைக்கு அடியில ஏர்ஸ்பீடு, புள்ளிக்கு அடியில க்ரௌண்ட் ஸ்பீடு, ஹெடிங் முதல்ல தெரியாததால ட்ராக்கை வெச்சு ஆரம்பிச்சு டிரிஃப்ட் ஒத்து வர்ற வரைக்கும் ரெண்டு மூணு தடவை அசைக்கணும். ஹெடிங் தெரிஞ்சு ட்ராக் கண்டுபிடிக்கச் சொன்னா கீழ வெக்கிறது சுலபம். முறையைக் கலந்தா மட்டும் நாசம். நான் ஒரு மாதிரித் தேர்வுல புள்ளியை கீழ வெச்சுட்டு மேல வெச்ச மாதிரியே படிச்சேன், ஹெடிங் 136, வேகம் 84ன்னு வந்துச்சு, ஆப்ஷன்ல அதுவும் இருந்துச்சு, சந்தோஷமா டிக் பண்ணிட்டேன். தப்பா போட்டா என்ன வருமோ அதைத்தான் ஆப்ஷனா வெப்பாங்க. ‘காத்து பின்னாடி இருக்கு, வேகம் 100க்கு மேல’ன்னு ஒரு வரி முன்னாடி எழுதியிருந்தா அந்த மார்க் போயிருக்காது.

கே: போகும்போது தள்ளுற காத்து திரும்பும்போது தடுக்கும், ரெண்டும் கழிஞ்சு போயிடுமில்ல?

கழியாது, போட்டுப் பாருங்க. திரும்பி வர்ற ட்ராக் 328, காத்து அதே 270ல 25. டிரிஃப்ட் கோடு இடது பக்கம் 12, ஹெடிங் 316, க்ரௌண்ட் ஸ்பீடு 84.5. போக 39 நிமிஷம், வர 51, ஆக 90. காத்தே இல்லன்னா போக வர 86 தான். வித்தியாசம் 4 நிமிஷம்தானேன்னு தோணும். போகும்போது நேரா பின்னாடி இருந்து 50 நாட் காத்துன்னு வெச்சுப் பாருங்க, போக 150 நாட்ல 29 நிமிஷம், வர 50 நாட்ல 86 நிமிஷம், மொத்தம் 115. மெதுவா போற நேரம்தான் நீளமான நேரம், அதனால நஷ்டம் எப்பவும் லாபத்தை விட அதிகம். சுத்தமா பக்கவாட்டுல அடிக்கிற காத்துலயும் இதேதான், 25 நாட்டை சமாளிக்க மூக்கை திருப்பினதுல ரெண்டு திசையிலயும் வேகம் 97 ஆகிடும்.

கே: ட்ரூவா மேக்னடிக்கா, எதை எங்க போடணும்?

நான் மனசுல வெச்சிருக்கறது இதுதான்: கண்ணால படிச்ச காத்து ட்ரூ, காதால கேட்ட காத்து மேக்னடிக். மெட்டார் (ஏர்போர்ட் வானிலை அறிக்கை), மேல் காத்து ஃபோர்காஸ்ட் எல்லாம் படிக்கிறது, ட்ரூ. டவர் ரேடியோவுல சொல்றது மேக்னடிக், ரன்வே நம்பரும் மேக்னடிக், அதனால லேண்டிங்குக்கு ரெண்டும் பொருந்தும். ஸ்லைடுல எல்லாத்தையும் ட்ரூவா போட்டுட்டு கடைசியில வேரியேஷன் (ட்ரூ வடக்குக்கும் மேக்னடிக் வடக்குக்கும் உள்ள வித்தியாசம்) சேருங்க, மேற்குன்னா கூட்டு, கிழக்குன்னா கழி. நம்ம பக்கம் வேரியேஷன் ரொம்ப சின்னது, கணக்குக்கு 2 டிகிரி மேற்குன்னு எடுத்தா 160 ட்ரூ 162 மேக்னடிக் ஆகும். சின்னதுங்கறதாலயே நம்ம பசங்க மறந்துடுறாங்க, ஆனா பரீட்சையில 15, 20 டிகிரி வேரியேஷன் உள்ள இடமாப் பாத்துக் கேப்பாங்க.

கே: ஃப்யூயல் கணக்குல இவ்வளவு யூனிட் எதுக்கு? லிட்டர்லயே போட்டா போதாதா?

நம்ம செஸ்னா 172க்கு மணிக்கு 32 லிட்டர்னு வெச்சா, முக்கோணத்தை 32க்கு வெச்சு உள்ள 39 நிமிஷத்துக்கு நேரா 20.8, திரும்பி வர 51க்கு 27.2, மொத்தம் 48 லிட்டர், அதுக்கு மேல ரிசர்வ், டாக்ஸி, ஆல்டர்னேட் (மாற்று ஏர்போர்ட்டுக்குப் போக). இதுவரைக்கும் சுலபம். ஆனா கேஜ் அமெரிக்க கேலன்ல இருக்கும், பில்லு லிட்டர்ல வரும், எடை கிலோவுலயோ பவுண்டுலயோ கேப்பாங்க. ஒரு அமெரிக்க கேலன் 3.785 லிட்டர், ஏவ்கேஸ் (விமான பெட்ரோல்) ஒரு லிட்டர் சுமார் 0.72 கிலோ. டிஸ்க்ல இதுக்கெல்லாம் அம்புக்குறி இருக்கு.

இது ஏன் முக்கியம்னு ஒரு நிஜ சம்பவம் சொல்றேன். 1983 ஜூலை 23, கனடாவுல ஏர் கனடா 143, புத்தம் புது போயிங் 767, கிலோவுல கணக்கு போடுற அவங்க முதல் விமான ரகம். தேவை 22,300 கிலோ. டேங்க்ல இருந்தது 7,682 லிட்டர். லிட்டரை கிலோவாக்க 0.8 கிட்ட பெருக்கணும், இவங்க பழைய பழக்கத்துல 1.77ஆல பெருக்கிட்டாங்க, அது லிட்டருக்கு எத்தனை பவுண்டுங்கிற நம்பர். 13,597 கிலோ இருக்குன்னு நெனச்சு 4,917 லிட்டர்தான் ஊத்தினாங்க, ஊத்த வேண்டியது 20,000 லிட்டருக்கும் மேல. 41,000 அடியில பறந்துட்டு இருந்தப்ப ஃப்யூயல் தீர ஆரம்பிச்சு, ரெண்டு இன்ஜினும் அடுத்தடுத்து நின்னுடுச்சு. கேப்டன் பாப் பியர்சன் கிளைடர் ஓட்டத் தெரிஞ்சவர், கோ-பைலட் மோரிஸ் குயின்டல் முன்னாடி வேலை பாத்த கிம்லிங்கிற பழைய விமானப்படைத் தளத்துல இறக்கிட்டாங்க, 69 பேரும் பொழைச்சாங்க. கணக்கை ரெண்டு மூணு தடவை சரி பாத்திருக்காங்க, பெருக்கல்ல தப்பே இல்ல. ஒரு லிட்டர் ஃப்யூயல் ஒரு லிட்டர் தண்ணியை விட லேசு, அப்ப கிலோ நம்பர் லிட்டர் நம்பரை விட சின்னதாத்தானே இருக்கணும்? 7,682 எப்படி 13,597 ஆச்சு? இந்த ஒரு கேள்வியை அன்னிக்கு யாராவது கேட்டிருந்தா போதும். ஒவ்வொரு தடவையும் டிஸ்க்கை சுத்துறதுக்கு முன்னாடி ‘பெருசாகணுமா சின்னதாகணுமா’ன்னு நீங்க கேளுங்க.

கே: பறக்கும்போது ப்ளான் தப்பிப் போச்சுன்னா இதை வெச்சு என்ன பண்றது?

இந்த டிஸ்க் எனக்கு ரொம்ப பிடிக்கிறதே அப்பத்தான். சேலத்துல இருந்து 24 மைல்ல ஒரு அடையாளம் வெச்சிருக்கீங்க, 13 நிமிஷத்துல வரணும். 14 நிமிஷம் ஆச்சு. வெளியில 24ஐ உள்ள 14க்கு நேரா வைங்க, கையை எடுங்க. அந்த ஒரே வைப்புல எல்லா பதிலும் இருக்கு: முக்கோணத்துக்கு மேல பாத்தா நிஜ வேகம் 103, மீதி 48 மைலுக்கு நேரா பாத்தா 28 நிமிஷம். மொத்தம் 42, அப்ப திருச்சிக்கு புது ஈடிஏ (போய்ச் சேர்ற நேரம்) 3 நிமிஷம் தள்ளிப் போகுது, ரேடியோவுல சொல்லிடலாம்.

அதே இடத்துல நீங்க ட்ராக்கை விட்டு 2 மைல் இடது பக்கம் இருக்கீங்க, காத்து நெனச்சதை விட கொஞ்சம் தென்மேற்குப் பக்கமா திரும்பி பலமா அடிச்சிருக்கு. 60ல ஒண்ணு விதி: 60 மைல் தூரத்துல 1 மைல் விலகினா 1 டிகிரி. 24 மைல்ல 2 மைல்னா 5 டிகிரி தப்பு, மீதி 48ல 2 மைல்னா 2.5 டிகிரி, ரெண்டும் கூட்டி 7.5, வலது பக்கம் 7 இல்ல 8 திருப்பினா நேரா திருச்சிக்கே போயிடும். முன்னாடி கொல்லிமலை வருது, நம்ம கோடு கிட்டத்தட்ட அது மேலயேதான் போகுது, மலை 1,300 மீட்டர் கிட்ட, அடியில சொன்னா 4,200க்கு மேல. அந்த நேரத்துல குனிஞ்சு டிஸ்க்கை சுத்திட்டு இருக்கக் கூடாது, மனசுலயே போட்டு மூக்கைத் திருப்பிட்டு வெளிய பாருங்க. மலை தாண்டினா தூரத்துல கொள்ளிடமும் காவேரியும் ரெண்டு பட்டையா தெரியும், அது தெரிஞ்சா வழி தப்பாது.

கே: பிஇடி, பிஎன்ஆர் கணக்குக்கு ஃபார்முலா நிறைய இருக்கே?

பிஇடிங்கிறது முன்னாடி போறதுக்கும் திரும்பி வர்றதுக்கும் ஒரே நேரம் ஆகுற இடம். மொத்த தூரத்தை திரும்பும் வேகத்தால பெருக்கி, போற வேகம் திரும்பும் வேகம் ரெண்டோட கூட்டலால வகுக்கணும். டிஸ்க்ல வெளியில 84.5, உள்ள 195.5, அப்புறம் உள்ள 72க்கு நேரா வெளியில 31. சேலத்துல இருந்து 31 மைல், கொல்லிமலை கிட்ட. பாதி வழி 36, ஆனா பிஇடி 31, காத்து வர்ற பக்கமா நகர்ந்திருக்கு. எப்பவும் அப்படித்தான் நகரும், உங்க பதில் காத்து போற பக்கம் நகர்ந்திருந்தா வேகம் ரெண்டையும் மாத்திப் போட்டுட்டீங்க. பிஎன்ஆருக்கு (திரும்பி வர ஃப்யூயல் போதுற கடைசி இடம்) அதே விகிதம்தான், தூரத்துக்கு பதிலா எத்தனை நேரத்துக்கு ஃப்யூயல் இருக்குங்கிறதை வெக்கணும், வர்ற பதிலும் நேரம்.

கே: க்ராஸ்விண்டும் (ரன்வேக்குப் பக்கவாட்டுல அடிக்கிற காத்து) இதுலயே எடுக்கலாமா?

எடுக்கலாம், ஸ்லைடுல கட்டம் போட்ட பகுதி அதுக்குத்தான். சேலம் ரன்வே 22, அதாவது 220 டிகிரி, டவர் சொல்ற காத்து 270ல 20 நாட், வித்தியாசம் 50 டிகிரி. 270ஐ இண்டெக்ஸ்ல வெச்சு, கட்டத்தோட பூஜ்யத்தை ஓட்டைக்கு அடியில கொண்டு வந்து, கீழ 20 எண்ணி புள்ளி, அப்புறம் 220க்கு சுத்தினா பக்கவாட்டுல 15, அது க்ராஸ்விண்ட், கீழ 13, அது எதிர்க்காத்து. செஸ்னா 172ல செஞ்சு காட்டப்பட்ட க்ராஸ்விண்ட் 15 நாட்டுதான், அப்ப விளிம்புல இருக்கோம்னு அர்த்தம். அதே காத்து திருச்சி ரன்வே 27ல நேர் முகத்துல அடிக்கும், பிரச்சினையே இல்ல.

கே: என் பதில் எப்பவும் ஒண்ணு ரெண்டு தள்ளியே வருது, கவலைப்படணுமா?

ஒரு டிகிரி, ஒரு நாட், அரை நிமிஷம் தள்ளுனா வேணாம். அதை விட கூடுதலா தொடர்ந்து ஒரே பக்கம் தள்ளுனா பென்சில் புள்ளி தடிமனா இருக்கும், இல்லன்னா பழைய புள்ளியை அழிக்காம அதையே பாத்துட்டு இருப்பீங்க. ஒவ்வொரு கணக்குக்கும் புள்ளியை அழிங்க. தட்டை நேரா மேல இருந்து பாருங்க, சாய்ச்சுப் பாத்தா கோடு நகரும்.

கே: தினமும் எவ்வளவு நேரம் பழகணும்? பரீட்சைக்கு எப்படி தயாராகுறது?

ஞாயித்துக்கிழமை மட்டும் 4 மணி நேரம் உக்கார்றதை விட தினமும் 20 நிமிஷம் நல்லது, இது விரலுக்குப் பழக வேண்டிய விஷயம். ஒரு ரூட்டை நீங்களே உருவாக்குங்க, மேப்ல ரெண்டு ஊரை எடுத்து, தூரம், ட்ராக் அளந்து, அன்னிக்கு உண்மையில அடிக்கிற காத்தைப் பாத்து எழுதி, போக வர முழு லாக் போடுங்க. புத்தகக் கணக்குல எல்லா நம்பரும் குடுத்திருப்பாங்க, எது தேவை எது தேவையில்லன்னு தேர்ந்தெடுக்குற பழக்கம் நீங்களே உருவாக்கினாத்தான் வரும். நேரத்தை முதல் மாசம் பாக்காதீங்க. அப்புறம் ஒரு காத்துக் கணக்கு ஒரு நிமிஷத்துக்குள்ள வர்ற வரைக்கும் கடிகாரம் வெச்சுப் பழகுங்க.

டிஜிசிஏ (விமானப் போக்குவரத்து இயக்குநரகம்) பேப்பர்ல பாஸுக்கு 70 சதவீதம் வேணும், ஆப்ஷன்கள் பக்கத்துல பக்கத்துல இருக்கும். ஹாலுக்குள்ள எதைக் கொண்டு போகலாம்னு ஒவ்வொரு செஷனுக்கும் வர்ற நோட்டீஸை வரி விடாம படிங்க, கேள்விப்பட்டதை நம்பிப் போகாதீங்க. கம்ப்யூட்டர் மேல பென்சில் எழுத்து எதுவும் இல்லாம சுத்தமா துடைச்சு எடுத்துட்டுப் போங்க.

கே: நான் கணக்குல வீக், எனக்கு இது வருமா?

வரும். இதுல பெருக்கல் வகுத்தல் எல்லாம் தட்டு பாத்துக்கும், உங்க வேலை ‘சுமார் எவ்வளவு, எந்தப் பக்கம்’ மட்டும்தான். பிளஸ் டூ கணக்குல நல்ல மார்க் வாங்கின பசங்க ரஃப் மதிப்பு எழுதாம வேகமா சுத்தி தப்பு விடுறதையும், கணக்குன்னா பயந்த ஒரு தங்கச்சி ஒவ்வொரு தடவையும் பொறுமையா ஓரத்துல ‘வலது, 100க்கு மேல, அரை மணிக்கு மேல’ன்னு எழுதி அத்தனையும் சரியா போடுறதையும் நான் பக்கத்துல இருந்து பாத்திருக்கேன். இன்னிக்கு ராத்திரியே சேலம் திருச்சியை ஒரு தடவை போட்டுப் பாருங்க, 160, 111, 39 வந்துச்சுன்னா அடுத்த ரூட்டுக்குப் போங்க, வரலன்னா புள்ளியை அழிச்சிட்டு 270ல இருந்து திரும்ப ஆரம்பிங்க.